வண்டியை ஓட்டியது யார்?

2003 மார்ச் 12 அன்று இங்கிலாந்தின் ஸ்டான்ஸ்டெட் விமான நிலையத்திலிருந்து லண்டனை நோக்கிப் போகும் எம்-11 நெடுஞ்சாலையில் ஒரு கார் வேகக் கேமராவில் சிக்கியது. கார், அப்போது ஐரோப்பிய நாடாளுமன்ற உறுப்பினராக இருந்த கிறிஸ் ஹ்யூனுடையது. குற்றத்துக்குரிய தண்டனை மூன்று புள்ளிகள். அவருடைய ஓட்டுநர் உரிமத்தில் ஏற்கெனவே புள்ளிகள் சேர்ந்திருந்தன. இன்னும் மூன்று கூடினால் உரிமம் பறிபோகும். காவல்துறைக்குப் போன பதிலில், காரை ஓட்டியது அவர் மனைவி விக்கி பிரைஸ் என்று இருந்தது. பிரைஸ் பெயர்பெற்ற பொருளாதார நிபுணர். அரசுப் பணியில் உயர்பொறுப்பு வகித்தவர். மூன்று புள்ளிகளும் அவர் கணக்கில் ஏறின.

அதே ஆண்டில் கைப்பேசியில் பேசிக்கொண்டே ஓட்டியதற்காக ஹ்யூன் எப்படியும் உரிமத்தை இழந்தார். ஆனால் பொய் அப்படியே தங்கிவிட்டது. 2010-இல் இருவரும் பிரிந்தார்கள். 2011-இல் விஷயம் பத்திரிகைக்கு வந்தது. 2012 பிப்ரவரியில் குற்றம் சாட்டப்பட்டபோது எரிசக்தித் துறை அமைச்சராக இருந்த ஹ்யூன் பதவி விலகினார். 2013 மார்ச் 11 அன்று நீதிக்கு இடையூறு செய்த குற்றத்துக்காக இருவருக்கும் தலா எட்டு மாதச் சிறைத் தண்டனை விதிக்கப்பட்டது. 2019-இல் பீட்டர்பரோ தொகுதி உறுப்பினர் ஃபியோனா ஒனசான்யாவும் இதே வகைப் பொய்க்காக மூன்று மாதச் சிறைத் தண்டனை பெற்றார். தொகுதி மக்கள் மனுவில் கையெழுத்திட்டு அவரைப் பதவியிலிருந்து திரும்ப அழைத்தார்கள்.

வேகமாக ஓட்டிய குற்றம் சிறியது. அதை மறைக்கச் சொன்ன பொய்யைப் பிரிட்டிஷ் நீதிமன்றங்கள் அப்படிப் பார்ப்பதில்லை. புள்ளிமுறை என்பது ஒவ்வொரு ஓட்டுநரைப் பற்றியும் அரசு வைத்திருக்கும் நினைவு. வண்டியை ஓட்டியது யார் என்ற கேள்விக்கு உண்மையான பதில் கிடைக்கும் வரைதான் அந்த நினைவுக்கு மதிப்பு. உலகில் இம்முறை பலன் தந்த இடங்களையும் பிசுபிசுத்துப்போன இடங்களையும் வரிசையாகப் பார்த்தால், பெரும்பாலும் இந்த ஒரு கேள்வியில்தான் வெற்றியும் தோல்வியும் தீர்மானமாகியிருக்கின்றன.

பிரிட்டனின் முறையையே முதலில் விரிவாகப் பார்க்கலாம். அங்கே 1962-ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, மூன்று ஆண்டுகளில் மூன்று முறை குற்றம் உரிமத்தில் பதிவானால் ஆறு மாதத் தடை. குறை வெளிப்படையானது: லேசான வேக மீறலும் உயிருக்கு ஆபத்தான ஓட்டுதலும் ஒரே எடையில் நின்றன. 1981-இல் வந்த சட்டம் இதை மாற்றியது. 1982 நவம்பர் முதல் குற்றத்தின் கனத்துக்கு ஏற்பப் புள்ளிகள். மூன்று ஆண்டுகளுக்குள் செய்த குற்றங்களுக்கு 12 புள்ளிகள் சேர்ந்தால் குறைந்தது ஆறு மாதம் ஓட்டத் தடை. சில ஆண்டுகளுக்குள் மறுபடி அதே நிலை வந்தால் ஓராண்டு; அதற்கும் மேல் போனால் இரண்டு ஆண்டு.

எந்தக் குற்றத்துக்கு எத்தனை புள்ளி என்பதில் அந்த நாட்டின் கவலைகள் தெரிகின்றன. சிவப்பு விளக்கைத் தாண்டினால் மூன்று. வேக மீறலுக்கு மூன்று முதல் ஆறு வரை. கவனக்குறைவாக ஓட்டினால் மூன்று முதல் ஒன்பது வரை. காப்பீடு இல்லாமல் ஓட்டினால் ஆறு முதல் எட்டு வரை. தேய்ந்த டயருக்கு மூன்று. அது ஒரு டயருக்கு. நான்கும் தேய்ந்திருந்தால் ஒரே சோதனையில் 12 புள்ளிகளைத் தொட்டுவிடலாம். கைப்பேசிக்கு முன்பு மூன்று புள்ளிகள்தான். 2017 மார்ச் முதல் ஆறு. குடித்துவிட்டு ஓட்டியவருக்குப் புள்ளிக் கணக்கெல்லாம் கிடையாது. நேரடியாகக் குறைந்தது ஓராண்டுத் தடை. படிப்படியான எச்சரிக்கை சிறு தவறுகளுக்குத்தான் என்ற தெளிவு அதில் இருக்கிறது.

ஹ்யூன் வழக்கின் திறவுகோல் வேறொரு விதியில் இருக்கிறது. கேமராவில் சிக்கிய வண்டியின் உரிமையாளருக்கு 14 நாட்களுக்குள் அறிவிப்பு போய்ச் சேர வேண்டும். அவர் 28 நாட்களுக்குள் ஓட்டியவர் யார் என்று எழுத்துமூலம் தெரிவிக்க வேண்டும். ‘தெரியாது’ என்று தப்பிக்கப் பார்த்தால் அதுவே தனிக் குற்றம். அதற்கு ஆறு புள்ளிகள். வேக மீறலுக்குக் குறைந்தபட்சத் தண்டனையே மூன்று புள்ளிதான் என்பதை நினைவில் வைத்தால், பதில் சொல்லாமல் இருப்பது எவ்வளவு நஷ்டம் என்பது புரியும். பதில் சொல்வதே லாபம் என்று ஆக்கிவிட்டு, பொய் சொன்னால் சிறை என்றும் வைத்ததால்தான் அங்கே கணக்கு ஓரளவு நேராக இருக்கிறது.

புதிதாக உரிமம் பெற்றவர்களிடம் பிரிட்டன் இன்னும் கண்டிப்பு காட்டுகிறது. தேர்ச்சி பெற்ற முதல் இரண்டு ஆண்டுகளுக்குள் ஆறு புள்ளி சேர்ந்தால் உரிமம் ரத்து. எழுத்துத் தேர்வு, ஓட்டும் தேர்வு இரண்டிலும் முதலிலிருந்து தேற வேண்டும். 1997 முதல் இருக்கும் இந்த விதியால், ஒருமுறை கைப்பேசியைக் கையில் எடுத்த இளைஞர் மறுபடி பழகுநர் பலகையை மாட்ட வேண்டியிருக்கிறது. சிங்கப்பூரிலும் இதே போக்குதான். 1983 முதல் நடக்கும் அங்குள்ள முறையில், அனுபவமுள்ளவர்கள் 24 மாதங்களில் 24 புள்ளிகளைத் தொட்டால் உரிமம் நிறுத்திவைக்கப்படும். புதியவருக்கு முதல் ஆண்டில் 13 புள்ளி சேர்ந்தாலே உரிமம் போய்விடும்.

எண்ணும் விதம் நாட்டுக்கு நாடு மாறுகிறது. பிரிட்டனிலும் ஜெர்மனியிலும் கணக்கு பூஜ்யத்தில் தொடங்கி ஏறுகிறது. பிரான்ஸ், இத்தாலி, ஸ்பெயின் ஆகியவற்றில் ஓட்டுநருக்கு முதலிலேயே புள்ளிகளைக் கொடுத்துவிட்டு, தவறுக்குத் தவறு கழிக்கிறார்கள். பிரான்ஸில் 1992 ஜூலை 1 அன்று முறை நடைமுறைக்கு வந்ததும் லாரி ஓட்டுநர்கள் நெடுஞ்சாலைகளை மறித்து நாட்டையே ஸ்தம்பிக்க வைத்தார்கள். நாளெல்லாம் சாலையில் இருப்பவனுக்கும் ஞாயிற்றுக்கிழமை மட்டும் கார் எடுப்பவனுக்கும் ஒரே கணக்கா என்பது அவர்களின் கேள்வி. நியாயமான கேள்விதான். ஆறு புள்ளிகளோடு தொடங்கிய முறை அதே ஆண்டு டிசம்பரில் 12 ஆனது. இத்தாலி 2003-இல் 20 புள்ளிகளைக் கையில் கொடுத்துத் தொடங்கியது. தவறில்லாமல் ஓட்டும் ஒவ்வொரு இரண்டு ஆண்டுக்கும் இரண்டு புள்ளி பரிசு, 30 வரை சேர்க்கலாம். தண்டனைக் கணக்கில் பாராட்டுக்கும் ஒரு பத்தி ஒதுக்கிய இத்தாலியரின் யோசனை மெச்சத்தக்கது.

ஜெர்மனியில் நாட்டின் மொத்தப் புள்ளிகளும் டென்மார்க் எல்லையருகே உள்ள ஃபிளென்ஸ்பர்க் என்ற சிறிய நகரத்தில் பதிவாகின்றன. 1974 முதல் நடந்த முறையை 2014 மே 1 அன்று அவர்கள் திருத்தி எழுதினார்கள். முன்பு 18 புள்ளிகள் வரை ஏறிய கணக்கு எட்டாகச் சுருங்கியது. நான்கில் அறிவுரைக் கடிதம், ஆறில் எச்சரிக்கை, எட்டில் உரிமம் ரத்து. முன்பு புதிய குற்றம் ஒன்று சேர்ந்தால் பழைய புள்ளிகள் அழிவதும் தள்ளிப்போகும். யாருக்கு எப்போது எது அழியும் என்று சாதாரண ஆள் கணக்கிட முடியாது. இப்போது ஒவ்வொரு பதிவுக்கும் தனி ஆயுள்: கனத்தைப் பொறுத்து இரண்டரை, ஐந்து அல்லது பத்து ஆண்டு. சாலைப் பாதுகாப்போடு நேரடித் தொடர்பில்லாத மீறல்களுக்கு இனிப் புள்ளி இல்லை, அபராதம் மட்டுமே. ஓட்டுபவர் தன் நிலையைத் தானே எண்ணிப் பார்க்க முடிந்தால்தான் எச்சரிக்கை எச்சரிக்கையாக இருக்கும். அந்த வகையில் இது நல்ல சீர்திருத்தம்.

அபராதம் ஒன்றே போதாதா என்று கேட்பவர்கள் உண்டு. ஆயிரம் ரூபாய் அபராதம் ஒருவருக்கு இரண்டு நாள் கூலி. இன்னொருவருக்கு ஒரு வேளைச் சாப்பாட்டுச் செலவு. பணம் உள்ளவருக்கு அபராதம் சாலை விதியை மீறுவதற்கான கட்டணமாகிவிடுகிறது. புள்ளியை யாரும் காசு கொடுத்துத் தீர்க்க முடியாது என்பதுதான் இதன் அடிப்படை நியாயம். பதவியும் பணமும் உள்ளவர்களையும் உரிம இழப்பு எவ்வளவு அச்சுறுத்தும் என்பதற்கு ஹ்யூன் கதையே போதும்.

ஆனால் இங்கேயும் சமத்துவம் முழுமையாக இல்லை. கார் போனால் டாக்ஸியில் போகக்கூடியவருக்கு ஆறு மாதத் தடை ஓர் அசௌகரியம்; டாக்ஸி ஓட்டுபவருக்கு அது ஆறு மாதப் பட்டினி. இதை உணர்ந்துதான் பிரிட்டிஷ் சட்டம் ‘அசாதாரண இடர்ப்பாடு’ என்று வாதிட ஒரு வாசல் வைத்தது. தடையால் தனக்கோ தன்னை நம்பியிருப்பவர்களுக்கோ வழக்கத்தை மீறிய துன்பம் வரும் என்று நிரூபித்தால் நீதிபதி தடையை விலக்கலாம். நல்ல எண்ணத்தில் வைத்த வாசல் வழியே நல்ல வழக்கறிஞரை அமர்த்த வசதியுள்ளவர்களும் நுழைந்தார்கள். 12 புள்ளிகளைத் தாண்டியும் ஆயிரக்கணக்கானோர் ஓட்டிக்கொண்டிருப்பது அங்கே அடிக்கடி செய்தியானது. 2020-இல் தண்டனை வழிகாட்டு நெறிகளை இறுக்கி, வெறும் வாய்மொழி போதாது, சான்று வேண்டும் என்றார்கள்.

புள்ளிமுறையால் உயிர்கள் காப்பாற்றப்படுகின்றனவா? கனடாவின் ஒண்டாரியோ மாகாணத்தில் 11 ஆண்டுத் தரவுகளை ஆராய்ந்த ஆய்வு 2003-இல் ‘லான்செட்’ மருத்துவ இதழில் வெளியானது. சாலைக் குற்றத்துக்காகத் தண்டிக்கப்பட்ட ஓட்டுநர், அடுத்த ஒரு மாதத்தில் உயிர்ப்பலி விபத்தில் சிக்கும் வாய்ப்பு சுமார் 35 சதவீதம் குறைந்திருந்தது. புள்ளியோடு கூடிய தண்டனைக்குப் பலன் அதிகம். ஆனால் மூன்று, நான்கு மாதங்களில் அந்தப் பலன் கரைந்துபோனது. பயம் வேகமாகப் பிடிக்கிறது, வேகமாக விட்டும் போகிறது.

நாடு முழுவதற்கும் இதேதான். பல நாடுகளின் அனுபவங்களைத் தொகுத்து ஸ்பெயினைச் சேர்ந்த ஆய்வாளர்கள் 2012-இல் வெளியிட்ட பகுப்பாய்வில், புள்ளிமுறை வந்ததும் விபத்துகளும் மரணங்களும் 15 முதல் 20 சதவீதம் குறைகின்றன என்று தெரிந்தது. ஒன்றரை ஆண்டுக்குள் அந்தப் பலன் தேய்ந்துவிடுகிறது என்பதும் அதே பகுப்பாய்வின் முடிவு.

அயர்லாந்தின் எண்கள் இதற்குச் சாட்சி. அங்கே 2002 அக்டோபர் 31 அன்று, முதலில் வேக மீறலுக்கு மட்டும், புள்ளிகள் வந்தன. அந்த ஆண்டு சாலையில் இறந்தவர்கள் 376 பேர். 2003-இல் 335 ஆகக் குறைந்தது. நாடே மகிழ்ந்தது. 2004-இல் மீண்டும் 374, 2005-இல் 396. சாலையில் போலீஸைப் பார்ப்பதே அரிது என்று ஓட்டுநர்கள் கண்டுகொண்டதும் புள்ளிகளின் மேலிருந்த அச்சம் விலகிவிட்டது. 2006-இல் எந்த வண்டியையும் நிறுத்தி மூச்சுப் பரிசோதனை செய்யும் அதிகாரம் காவல்துறைக்குக் கிடைத்தது. அடுத்த ஆண்டுகளில் மரணங்கள் சரிந்து 2009-இல் 238 ஆயின. சட்டப் புத்தகத்தில் எத்தனை புள்ளி என்பதைவிட, இன்று பிடிபடுவோமா என்ற எண்ணம்தான் காலைப் பிரேக்கில் வைக்கிறது.

அயர்லாந்து இன்னொரு பாடத்தையும் வைத்திருக்கிறது; இது கசப்பானது. சிலருடைய புள்ளிகளை மூத்த அதிகாரிகள் முறையின்றி ரத்து செய்கிறார்கள் என்று மாரிஸ் மெக்கேப், ஜான் வில்சன் என்ற இரு காவலர்கள் வெளிப்படுத்தினார்கள். பாராட்டுக்குப் பதில் அவர்களுக்குக் கிடைத்தது அவதூறும் புறக்கணிப்பும். காவல்துறைத் தலைவர் நாடாளுமன்றக் குழுவின் முன்பே அவர்கள் செயலை இழித்துப் பேசினார். கண்காணிப்பு அமைப்புகளின் அறிக்கைகள் முறைகேடு உண்மைதான் என்று காட்டின. 2014 மார்ச்சில், இதுவும் வேறு சில சர்ச்சைகளும் சூழ்ந்த நிலையில், தலைவர் பதவியைத் துறந்தார். மே மாதம் நீதித்துறை அமைச்சரும் விலகினார். வேண்டியவருக்குப் புள்ளி அழியும் என்று மக்கள் ஒருமுறை நம்பிவிட்டால் அந்தக் கணக்குப் புத்தகத்தை யார் மதிப்பார்கள்?

அதிகாரியின் தயவு இல்லாத இடத்தில் சந்தை முளைக்கிறது. சீனாவில் ஆண்டுக்கு 12 புள்ளி. அடுத்தவர் குற்றத்தைத் தன் பெயரில் ஏற்றுக்கொள்ளக் காசு வாங்குவது அங்கே தரகர்களோடு கூடிய தொழிலாகவே வளர்ந்தது. 2022-இல் அதைத் தடுக்கத் தனி விதிகள் போட்டார்கள். ஜெர்மனியிலும் இணையத்தில் இந்த வியாபாரம் உண்டு. மனைவி, ஓய்வுபெற்ற தந்தை, வண்டியே ஓட்டாத மாமா என்று குடும்பத்துக்குள்ளேயே புள்ளியைக் கைமாற்றுவது எல்லா நாட்டிலும் நடக்கும் பழக்கம்.

ஓட்டியவர் யார் என்று தெரியாதபோது உரிமையாளர் தலையிலேயே புள்ளியைக் கட்டிவிடலாமா? இத்தாலி அப்படித்தான் தொடங்கியது. 2005-இல் அந்நாட்டு அரசியலமைப்பு நீதிமன்றம், செய்யாத குற்றத்துக்கு ஒருவரின் உரிமத்திலிருந்து புள்ளி கழிக்க முடியாது என்று தீர்ப்பளித்தது. இப்போது ஓட்டியவர் பெயரைச் சொல்லாத உரிமையாளர் தனி அபராதம் கட்டுகிறார். பிரான்ஸில் நிறுவனக் கார்கள் வெகுகாலம் தப்பித்து வந்தன. நிறுவனமே அபராதத்தைக் கட்டிவிடும், ஊழியருக்குப் புள்ளி போகாது. 2017 முதல் ஊழியரின் பெயரைத் தருவது நிறுவனத்தின் கடமை.

வளைகுடாவில் வண்டி ஓட்டிப் பிழைக்கும் தமிழர்களுக்கு இதெல்லாம் புதிதல்ல. ஐக்கிய அரபு அமீரகத்தில் 24 கறுப்புப் புள்ளிகள் சேர்ந்தால் முதல் முறை மூன்று மாதம் உரிமம் முடக்கப்படும். ஓட்டுநர் வேலைக்குப் போனவருக்கு அந்த மூன்று மாதம் ஊருக்குப் பணம் போகாத மாதங்கள். பள்ளி திறக்கும் முதல் நாளன்று விபத்தில்லாமல் ஓட்டுவதாக உறுதிமொழி அளித்து அதைக் காப்பவருக்கு நான்கு புள்ளிகளைக் குறைக்கும் திட்டமும் அங்கே உண்டு. துபாயில் சிக்னலில் பொறுமையாக நிற்பவர் சென்னை வந்ததும் ஏன் மாறிவிடுகிறார் என்ற பழைய கேள்விக்கு ரத்தத்திலோ பண்பாட்டிலோ விடை தேட வேண்டியதில்லை. அங்கே அவர் செய்வதெல்லாம் அவர் பெயரில் எழுதப்படுகிறது.

இந்தியாவில் 2022-இல் மட்டும் சாலை விபத்துகளில் இறந்தவர்கள் 1,68,491 பேர். அந்த ஆண்டு மாநிலங்களிலேயே அதிக விபத்துகள் தமிழ்நாட்டில்: 64,105. உயிரிழந்தவர்கள் 17,884 பேர். கோவை கங்கா மருத்துவமனையின் எலும்பு முறிவு அறுவை சிகிச்சை நிபுணர் டாக்டர் எஸ். ராஜசேகரன் 2012-இல் உச்ச நீதிமன்றத்தில் தொடுத்த பொதுநல வழக்கின் விளைவாகவே, 2014-இல் நீதிபதி கே.எஸ். ராதாகிருஷ்ணன் தலைமையில் சாலைப் பாதுகாப்புக் குழு அமைந்தது. மிகை வேகம், சிக்னல் மீறல், குடிபோதை, கைப்பேசி, அதிகச் சுமை, சரக்கு வண்டியில் ஆள் ஏற்றுதல் ஆகியவற்றுக்குக் குறைந்தது மூன்று மாதம் உரிமத்தை நிறுத்திவையுங்கள் என்று 2015-இல் மாநிலங்களுக்கு அந்தக் குழு அறிவுறுத்தியது.

2014-இல் மத்திய அரசு வெளியிட்ட சாலைப் போக்குவரத்து, பாதுகாப்பு மசோதா வரைவில் புள்ளிமுறை இடம்பெற்றிருந்தது. அந்த மசோதா சட்டமாகவில்லை. 2019-இல் வந்த திருத்தச் சட்டம் அபராதத் தொகைகளைப் பலமடங்கு உயர்த்தியது, புள்ளிகளைச் சேர்க்கவில்லை. இதனால் நம் சட்டத்தில் ஒரு பெரிய பள்ளம் விழுந்திருக்கிறது. ஒரு பக்கம் சலான்: கட்டினால் பெரும்பாலும் அத்தோடு தீர்ந்தது. மறு பக்கம் நேராக மூன்று மாதத் தடை. இடையில் படிப்படியாக ஏறும் புள்ளிக் கணக்கு இல்லை. ஒரே மீறலுக்கு மூன்று மாதம் பிழைப்பைப் பறிக்கக் காவலருக்கும் ஆர்.டி.ஓ. அலுவலருக்கும் மனம் வராது. ஓட்டுநரும் எப்படியாவது சரிக்கட்டப் பார்ப்பார். அளவில்லாத தண்டனை பெரும்பாலும் நிறைவேறாத தண்டனையாகவே முடிகிறது.

தெலங்கானா ஒரு முயற்சி செய்தது. 2017 ஆகஸ்ட் 1 முதல் ஹைதராபாத்தில் 24 மாதங்களில் 12 புள்ளி சேர்ந்தால் உரிமம் ஓராண்டு நிறுத்தம் என்று அறிவித்தது. தலைக்கவசம் அணியாததற்கு ஒரு புள்ளி. இந்திய நகரம் ஒன்று இந்த வழியில் எடுத்து வைத்த முக்கியமான அடி அது. ஆனால் நம் ஊர்க் கேமரா எண் பலகையைத்தான் படிக்கிறது. சலான், வாகனப் பதிவேடான வாஹன் தளத்தில் உள்ள உரிமையாளருக்குப் போகிறது. ஓட்டுநர்களின் விவரமோ சாரதி என்ற இன்னொரு தளத்தில் இருக்கிறது. அண்ணன் பெயரில் உள்ள பைக்கைத் தம்பி ஓட்டுவதும், விற்ற வண்டி பெயர் மாறாமலே மூன்று கை மாறுவதும் நம் வீதிகளில் சகஜம். அந்த நிலையில் புள்ளி யார் கணக்கில் ஏறும்? இத்தாலி நீதிமன்றம் எழுப்பிய அதே கேள்வி இங்கேயும் எழும்.

இதற்குத் தேவையான சட்டம் பெருமளவு நம் கையிலேயே இருக்கிறது. 1988-ஆம் ஆண்டு மோட்டார் வாகனச் சட்டத்தின் 24-ஆம் பிரிவு, தண்டனை விவரத்தை உரிமத்தில் பதிய நீதிமன்றத்துக்கு அதிகாரம் தருகிறது. பிரிட்டனின் புள்ளிமுறை முளைத்ததும் இதே போன்ற பதிவிலிருந்துதான். ஓட்டியவர் பெயரைச் சொல்ல உரிமையாளரைக் கட்டாயப்படுத்த 133-ஆம் பிரிவு இருக்கிறது. அதைச் சலான் வழங்கும் வேலையோடு இணைக்க வேண்டும். கேமரா சலானோடு ‘ஓட்டியவரின் உரிம எண்’ கேட்கும் கட்டாயப் படிவம் ஒன்று போகட்டும். பதில் தராதவருக்குக் குற்றத்தைவிடக் கூடுதல் தண்டனை வரட்டும். பதிந்தது சாரதியில் ஏறட்டும். ஓட்டுநர் தன் கணக்கைக் கைப்பேசியிலேயே பார்க்கட்டும். தவறான பதிவை எதிர்த்து முறையிட எளிய வழி இருக்கட்டும். வாழ்வாதாரத்துக்காக ஓட்டுபவர்களுக்குத் தடைக்கு முந்தைய படியில் இலவசப் பயிற்சி வகுப்பு இருக்க வேண்டும். பிரிட்டனில் சிறு வேக மீறலுக்குப் புள்ளிக்குப் பதிலாக வகுப்பைத் தேர்ந்தெடுக்கலாம். ஆண்டுக்குப் பத்து லட்சத்துக்கும் மேற்பட்டோர் அதில் உட்காருகிறார்கள். வகுப்புக்குப் போனவர்கள் மறுபடி வேக மீறலில் சிக்குவது குறைகிறது என்று அந்நாட்டுப் போக்குவரத்துத் துறைக்காகச் செய்த ஆய்வும் சொல்கிறது.

தமிழ்நாடு இதை முதலில் செய்யலாம். விபத்துகளின் எண்ணிக்கையில் முதலிடத்தில் நின்ற மாநிலத்துக்கு அந்தக் கடமையும் உண்டு. புள்ளிப் பட்டியலை அறிவிப்பது ஒரு நாள் வேலை. அதற்கு முன் ஓட்டியவரின் பெயரைப் பதிவு செய்யும் ஏற்பாட்டை அரசு கட்டி முடிக்க வேண்டும்.